நூலுக்கு மறுப்பு நூலே

இஸ்லாத்தின் பதினான்கு நூற்றாண்டு வரலாற்றில் அதனை எதிர்த்துப் பேசியோரும் எழுதியோரும் எக்காலத்தும் இருந்தே வந்துள்ளனர். அவர்களுள் பெரும்பாலோரின் பெயரும் இன்று எவருக்கும் நினைவில்லை. சிலருடைய பெயர் மட்டும் உலகெங்கும் பரவி நிலைத்துவிட்டது. அதற்குக் காரணம் அவர்தம் எழுத்தின் வலிமையா, அன்றி அவ்வெழுத்தைக் கண்டு நாம் நடந்துகொண்ட முறையா என்பது ஆராயத் தக்கது. இவ்வாய்வுக்கு, நம் நாட்டில் அடைக்கலம் பெற்ற வங்க எழுத்தாளர் தஸ்லீமா நஸ்ரீனின் வரலாறு ஏற்றதோர் எடுத்துக்காட்டாகும்.

சேர்வராயன் மலையில் மஞ்சக்குட்டையைச் சூழ்ந்த காப்பித் தோட்டங்களிடையே வாழும் நம் பிள்ளைகளும் இப்பெயரை அறிவர். “மார்க்கத்தைப் பழித்தவருக்கு இந்நாட்டில் ஏன் இடம் தரவேண்டும், ஹஜ்ரத்?” என்று மாணவர் சிலர் நம்மை வினவியதுண்டு. வினா எளிது. விடை கூறுமுன் நடந்தது இன்னதென அறிதல் வேண்டும்.

தஸ்லீமா 1962 ஆகஸ்டு 25 அன்று அன்றைய கிழக்குப் பாகிஸ்தானின் மைமன்சிங் நகரில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தார். தந்தை மருத்துவர், மகளும் மருத்துவம் பயின்று அரசு மருத்துவரானார். பெண்கள் படும் அல்லல்களைப் பற்றி நாளிதழ்களில் கட்டுரைகள் எழுதினார். அக்கட்டுரைத் தொகுப்புக்கு 1992இல் கொல்கத்தாவின் ஆனந்த புரஸ்கார் விருது கிடைத்தது. பெண்களின் இழிநிலைக்குச் சமயமே காரணம் என்பது அவர் முடிவு. அம்முடிவை நாம் ஏற்கவில்லை. ஆயினும் அவர் சுட்டிய துன்பங்கள் யாவும் கற்பனையென்று நெஞ்சில் கைவைத்துச் சொல்ல நம்மால் இயலுமா?

1992 டிசம்பர் 6 அன்று அயோத்தியில் பாபரி மஸ்ஜித் இடிக்கப்பட்டது. அதன் எதிரொலியாகப் பங்களாதேஷில் இந்துக்களின் இல்லங்களும் கோயில்களும் தாக்கப்பட்டன. அந்நாட்களில் டாக்காவில் ஓர் இந்துக் குடும்பம் அடைந்த அவலத்தையே ‘லஜ்ஜா’ என்னும் நாவலில் தஸ்லீமா எழுதினார். 1993 பிப்ரவரியில் வெளிவந்த அந்நூலை அவ்வாண்டு ஜூலையில் பங்களாதேஷ் அரசு தடை செய்தது. இங்கே வாசகர்கள் ஒன்றை ஊன்றிக் கவனித்தல் வேண்டும். சமயக் கொள்கைகளை ஆராயும் நூலன்று அது. பெரும்பான்மையினர் நடுவே சிறுபான்மையினர் அஞ்சி வாழும் வாழ்வைப் பற்றிய கதை. அதே டிசம்பரில் இந்நாட்டில் அந்த அச்சம் இன்னதென உணர்ந்த நாம், அந்நூலின் பொருளைப் பிறரினும் நன்கு அறியத் தக்கவர்கள். இந்தியாவிலோ முஸ்லிம்களை வெறுப்போர் அந்நூலை ஒரு கருவியாக ஏந்தினர். அங்கே தடுத்தோரும் இங்கே ஏந்தினோரும் அதன் படிப்பினையை மட்டும் ஏற்கவில்லை.

1993இல் ஸில்ஹட்டைச் சேர்ந்த ஒரு குழுவினர் அவர் தலைக்கு விலை கூறினர். 1994 மே மாதத்தில், திருக்குர்ஆனைத் திருத்தவேண்டும் என்று அவர் கூறியதாகக் கொல்கத்தா நாளேடொன்றில் ஒரு பேட்டி வெளிவந்தது. ஷரீஅத் சட்டத்தைப் பற்றியே தாம் கூறியதாக அவர் மறுத்தார். மறுப்பு எடுபடவில்லை. குற்றவியல் சட்டத்தின் 295-ஏ பிரிவின்கீழ் அவர்மீது வழக்குத் தொடரப்பட்டது. இப்பிரிவு 1927இல் ஆங்கிலேயர் ஆட்சியில் வந்தது. லாகூரில் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களைப் பழித்து நூல் வெளியிட்டவர் நீதிமன்றத்தில் விடுதலையானதால் எழுந்த கொந்தளிப்பே அச்சட்டம் பிறக்கக் காரணம். இந்தியாவில் அது 2024 ஜூலை முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 299ஆம் பிரிவாக விளங்குகிறது. சமய உணர்வைப் புண்படுத்தியோரை விசாரிக்க வழக்குமன்றம் உண்டு என்பதே அதன் பொருள்.

இரண்டு மாதங்கள் மறைந்து வாழ்ந்த தஸ்லீமா, பிணை பெற்று 1994 ஆகஸ்டில் ஸ்வீடன் நாட்டிற்குச் சென்றார். அவ்வாண்டே ஐரோப்பிய நாடாளுமன்றம் அவருக்குச் சகாரோவ் விருது அளித்தது. அதுவரை வங்கமொழி வாசகரிடையே பெரிதும் அறியப்பட்ட ஒருவரை உலகறியச் செய்தது, தலைக்கு விலை கூறிய அக்குழுவினரின் செயலேயாம். 1998இல் புற்றுநோயுற்ற தாயைக் காணத் தாயகம் சென்றவர், எதிர்ப்பு மூளவே 1999இல் மீண்டும் வெளியேறினார்.

2004இல் கொல்கத்தாவில் குடியேறினார். அதற்கு முன்பே, 2003இல், அவருடைய தன்வரலாற்றின் ஒரு பாகமாகிய ‘த்விகண்டித’ நூலை மேற்கு வங்க அரசு தடை செய்திருந்தது. 2005இல் உயர்நீதிமன்றம் அத்தடையை நீக்கியது. 2007 ஆகஸ்டு 9 அன்று ஹைதராபாதில் தம் நூலின் தெலுங்கு மொழிபெயர்ப்பு வெளியீட்டு விழாவில், சட்டமன்ற உறுப்பினர்கள் உள்ளிட்ட சிலரால் தாக்கப்பட்டார். அவ்வாண்டு நவம்பர் 21 அன்று கொல்கத்தாவில் நடந்த போராட்டம் கலவரமாக மாறி, இராணுவம் வரவழைக்கப்பட்டது. அவர் ஜெய்ப்பூருக்கும் பின் டெல்லிக்கும் கொண்டுசெல்லப்பட்டு, 2008 மார்ச்சில் இந்தியாவை விட்டகன்றார். பின்னாளில் திரும்பி வந்து டெல்லியில் தங்கினார். அகதிகளுக்கெனத் தனிச் சட்டம் இல்லாத நம் நாட்டில், அவ்வப்போது புதுப்பிக்கப்படும் அனுமதியே அவருக்கு வாழ்வு. 2024இல் காலாவதியான அவ்வனுமதி, அவ்வாண்டு அக்டோபரில் புதுப்பிக்கப்பட்டது.

அவர்பால் பிழையே இல்லை என்று நாம் வாதிட வரவில்லை. 2021இல் சென்னை சூப்பர் கிங்ஸ் அணியில் ஆடிய மொயீன் அலியைக் குறித்து, கிரிக்கெட் ஆட்டக்காரராக இல்லாவிடில் சிரியாவுக்குச் சென்று பயங்கரவாதிகளோடு சேர்ந்திருப்பார் என்று அவர் எழுதினார். பலரும் கண்டிக்கவே, அது நகைச்சுவை என்றார். தாடி வைத்துத் தொழும் ஓர் இளைஞர் மீது இவ்வாறு பழி தூற்றுவது சீர்திருத்தமாகாது. அச்சொல்லை அன்று சொல்லாலேயே எதிர்த்தனர், சொல் வென்றது.

நம் மார்க்கம் காட்டும் நெறி யாது? கஅப் இப்னு ஸுஹைர் என்னும் கவிஞர் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களை வசை பாடியவர். தம் உயிருக்கு அஞ்சித் திரிந்த அவர், மதீனா வந்து அடைக்கலம் வேண்டி, நம் மதரஸாக்களில் ஓதப்படும் ‘பானத் ஸுஆத்’ கஸீதாவைப் பாடினார். பெருமானார் தம் போர்வையையே அவருக்கு அளித்ததாகச் சரிதை நூல்கள் கூறும். “அவர் மனந்திருந்தி வந்தார், இவர் திருந்தவில்லையே” என்று கேட்கலாம். திருமறையின் ஒன்பதாம் அத்தியாயம் ஆறாம் வசனத்தை எடுத்துப் பாருங்கள். அடைக்கலம் கேட்கும் இணைவைப்பவருக்கும் அபயமளித்து, இறைவாக்கைச் செவியுறச் செய்து, பின் அவரைப் பாதுகாப்பான இடத்தில் சேர்க்கும்படி அது பணிக்கிறது. அவர் ஈமான் கொள்ளவேண்டும் என்ற நிபந்தனை அங்கே இல்லை. இறைவசனங்கள் பரிகசிக்கப்படும் அவையில், பேச்சு மாறும்வரை அமராதீர் என்று நான்காம் அத்தியாயத்தின் 140ஆம் வசனம் கற்பிக்கிறது. எழுந்து விலகுவதே அங்குள்ள கட்டளை.

மறுப்புரைக்கவும் நம்மிடம் முன்மாதிரி உண்டு. 1854இல் ஆக்ராவில், ‘மீஸானுல் ஹக்’ என்னும் நூலால் இஸ்லாத்தை எதிர்த்த பாதிரியார் ஃபாண்டரோடு மௌலானா ரஹ்மத்துல்லாஹ் கைரானவி பொதுமேடையில் வாதிட்டார். பின்னர் ‘இழ்ஹாருல் ஹக்’ என்னும் பெருநூலை அரபியில் இயற்றினார். 1857 கிளர்ச்சிக்குப்பின் அந்த ஆலிமும் அகதியானார் என்பது இங்கே நினைவுகூரத் தக்கது. மக்காவில் புகலடைந்து அங்கே அவர் நிறுவிய ஸௌலத்திய்யா மதரஸா, கொல்கத்தாவைச் சேர்ந்த ஸௌலத்துன்னிஸா என்ற பெண்மணியின் கொடையால் எழுந்தது.

தஸ்லீமாவுக்கு முதலில் புகலிடம் தந்த ஸ்வீடனில் அண்மையில் நடந்ததையும் நோக்குக. ஈராக்கிலிருந்து வந்த அகதியான ஸல்வான் மோமிகா, 2023இல் ஹஜ்ஜுப் பெருநாளன்று ஸ்டாக்ஹோம் பள்ளிவாசலின்முன் திருமறையை எரித்தார். அவர்மீது வழக்கு நடந்தது. தீர்ப்புக்கு முந்திய நாள், 2025 ஜனவரி 29 அன்று, அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். சில நாட்களில் அவருடன் குற்றம் சாட்டப்பட்டவரை நீதிமன்றம் குற்றவாளி எனத் தீர்த்தது. இறந்தவர்மீதோ தீர்ப்பே இல்லாமற் போயிற்று. அவரைத் தியாகியாகப் போற்றுவோருக்கு அத்துப்பாக்கியே வழி செய்தது.

1990 அக்டோபரில் இலங்கையின் வடமாகாணத்திலிருந்து ஏறத்தாழ 75,000 முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றினர். நம் மொழி பேசும் அம்மக்கள் புத்தளம் பகுதியில் ஆண்டுக்கணக்கில் அகதிகளாக வாடினர். வீட்டை இழப்பது இன்னதென அறிந்த சமுதாயம், தம்மைப் பழித்தவராயினும் ஒருவரை இரவோடிரவாக ஊர் ஊராய் ஓட்டுவதில் மகிழ்ச்சி காணலாகாது.

ஆகவே மாணவர்களுக்கு நாம் கூறும் விடை இது: அவர் எழுதியதைப் படியுங்கள். பிழையெனக் கண்டதை ஆதாரத்தோடு மறுத்து எழுதுங்கள். உண்மையெனக் கண்டதை நம் இல்லத்திலிருந்தே திருத்துங்கள். சட்டத்தை மீறியோரை விசாரிக்க நீதிமன்றம் இருக்கிறது. அடைக்கலம் வேண்டி வந்தவரை விரட்டும் உரிமையை நம் மார்க்கம் நம் கையில் தரவில்லை.