பிஜிக் கரும்பும் ஒரு ஷில்லிங்கும்

ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு ஷில்லிங். பெண்ணுக்கு ஒன்பது பென்ஸ். பிஜித் தீவின் கரும்புத் தோட்டங்களுக்கு இந்தியத் தொழிலாளரைக் கொண்டு சென்ற ஒப்பந்தப் பத்திரம் வாக்களித்த கூலி இதுவேயாகும். 1879இல் 'லியோனிடாஸ்' கப்பலுடன் தொடங்கி, 1916 வரை 60,000க்கு மேற்பட்டோர் இப்பத்திரத்தை நம்பிக் கடல் கடந்தனர். 1903 முதல் சென்னைத் துறைமுகத்திலிருந்தும் கப்பல்கள் சென்றன. எமது மலைநாட்டிற்கு வந்தோரைக் கங்காணியின் கடன் பிணித்தது. பிஜிக்குச் சென்றோரை இந்தக் காகிதம் பிணித்தது.

பத்திரத்தை ஊன்றிப் படிப்போர்க்கு அதன் சூழ்ச்சி விளங்கும். நாட்கூலி என எழுதப்பட்டிருந்தும், தோட்டத்தில் ஷில்லிங் கிடைத்தது அளந்துவிட்ட வேலையை முடித்தவனுக்கே. சாதாரண உடல்வலுவுள்ள ஒருவன் ஆறு மணி நேரம் இடையறாது உழைத்து முடிக்கக்கூடியதே ஓர் ஆளின் வேலை என்றது சட்டம். யார் அந்தச் சாதாரண ஆள்? அதைத் தீர்மானித்தவன் அளவுகோலைக் கையில் வைத்திருந்த துரை! மிக வலியவன் வெட்டி முடித்ததையே யாவர்க்கும் அளவாக்கினால், ஏனையோர் பொழுது சாயும்வரை உழைத்தும் ஷில்லிங்கைக் காணார். முதல் ஆறு மாதங்களுக்கு உணவுக்கென நாளொன்றுக்கு நான்கு பென்ஸ் வேறு கழிக்கப்பட்டது. பத்தடிக்கு ஏழடி அறையொன்றில் தனியாட்கள் மூவர் அடைந்து கிடந்தனர்.

இவை யாவற்றினும் கொடியது ஒன்றுண்டு. ஒப்பந்தத்தை மீறுதல் அங்கே குற்றமாகக் கொள்ளப்பட்டது. வேலைக்கு வராதவனும் வேலையை முடிக்காதவனும் நீதவான் முன் நிறுத்தப்பட்டு, அபராதமோ சிறையோ பெற்றனர். இழந்த நாட்கள் ஐந்தாண்டுத் தவணையுடன் கூட்டப்பட்டன. முதலாளி மீதும் வழக்குத் தொடுக்கலாமாம்! எழுத்தறியாத கூலியாள், அந்நிய மொழி வழங்கும் மன்றில் அதை நிரூபிப்பது எங்ஙனம்?

நூறு ஆண்களுக்கு நாற்பது பெண்கள் என்ற கணக்கில் ஆட்களை ஏற்றிய முறை பெண்களுக்கு இழைத்த கொடுமை தனியே எழுதப்பட வேண்டியது. பாரதி கண்ணீர் வடித்துப் பாடியது இப்பெண்களுக்காகவே.

இந்தியாவில் எழுந்த எதிர்ப்பினால், எஞ்சிய ஒப்பந்தங்கள் யாவும் 1920 ஜனவரி முதலாந் திகதி ரத்தாயின. 1921இல் கரும்புத் தொழிலாளர் மாதக்கணக்கில் வேலைநிறுத்தஞ் செய்தனர். அவர்தம் தலைவரான வசிஷ்ட முனி என்ற சாது நாடு கடத்தப்பட்டார். சிட்னியில் தலைமையகங் கொண்ட கொலோனியல் சுகர் றிபைனிங் கொம்பனி அதன்பின் புதுவழி கண்டது. தோட்டங்களை ஏறத்தாழப் பத்து ஏக்கர்த் துண்டுகளாக்கிப் பழைய கூலிகளுக்கே குத்தகைக்கு விட்டது. கூலி கொடுக்கும் சுமை நீங்கிற்று. ஆலையும் விலையும் கொம்பனியின் கையிலேயே இருந்தன. 1943இல் அக்குடியானவர்கள் விலை போதாதென்று கரும்பை வெட்ட மறுத்து நின்றனர். கொம்பனி பிஜியை விட்டு வெளியேறியது 1973இல்.