இசை வரலாறு தேடிய ஆசிரியர்

இலக்கிய வரலாறு எழுதுவோர்க்கு ஏடுகள் துணை நிற்கும். இசை வரலாறு எழுதப் புகுவோர்க்கு அத்துணை மிகக் குறைவு. பாட்டின் சொல்லை ஓலை காக்கும். மெட்டைக் காப்பது பாடுவோரின் குரலும் கேட்போரின் செவியுமே. பாடும் மரபு ஒரு தலைமுறை அறுபடின் எஞ்சுவது வெறுஞ் செய்யுள்தான்.

சீர்காழி முத்துத்தாண்டவரை எடுத்துக்கொள்வோம். பல்லவி, அனுபல்லவி, சரணம் என்னும் அமைப்பில் தில்லைக் கூத்தனைப் பாடிய முன்னோடி அவர். அவருக்குப் பின் வந்தோர் இராம நாடகம் இயற்றிய அருணாசலக் கவிராயரும் (1711–1779), தில்லைவிடங்கன் மாரிமுத்தாப் பிள்ளையும் (1712–1787) ஆவர். திருவாரூரிற் பிறந்த தியாகராசர், முத்துசாமி தீட்சிதர், சியாமா சாத்திரி ஆகிய மூவரில் மூத்தவரான சாத்திரியார் பிறந்ததே 1762இல்தான். கால வரிசை இவ்வாறிருக்க, முன்னவர் மூவரின் பெயர் நெடுங்காலம் மங்கிக் கிடந்தது. முத்துத்தாண்டவர் பாடல்கள் பலவற்றின் பழைய மெட்டுகள் மறைந்தன. இன்று நாம் கேட்பவை பெரும்பாலும் பிற்கால இசைவாணர் அமைத்தவை.

இம்மறதி நமக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்காவில் பாஸ்டன் நகரத்துத் தோல் பதனிடும் தொழிலாளியான வில்லியம் பில்லிங்ஸ் என்பார், தாமே இசையமைத்த பாடல்களை 1770இல் நூலாக வெளியிட்டார். ஐரோப்பிய இசையையே உயர்வென மதித்த அடுத்த தலைமுறையினர் அவரைப் பண்படாதவர் என்று ஒதுக்கினர். ஆஸ்கர் சோனெக் என்னும் அறிஞர் அந்நாட்டுக் காங்கிரஸ் நூலகத்தின் இசைப் பிரிவுக்கு 1902இல் தலைமையேற்று, பதினெட்டாம் நூற்றாண்டுப் பாடல்களைத் தேடித் திரட்டி 1905இல் அட்டவணை வெளியிட்டார். அதன் பின்னரே அங்கு முன்னோர் இசை பற்றிய ஆய்வு உறுதியான அடித்தளம் பெற்றது.

ஏறத்தாழ அதே ஆண்டுகளில் தஞ்சையில் ஒருவர் நம் இசையின் வேரைத் தேடிக்கொண்டிருந்தார். அவர்தாம் ஆபிரகாம் பண்டிதர் (1859–1919). தென்காசிப் பக்கத்துச் சாம்பவர் வடகரையிற் பிறந்து, திண்டுக்கல்லில் ஆசிரியப் பயிற்சி பெற்றவர். அங்கேயே ஆசிரியராகவும் பணியாற்றியவர். பயிற்சிக் கல்லூரி வாயிலாக வந்த நம்மனோர்க்கு இச்செய்தி தனி மகிழ்ச்சி தருவது. பின்னர்த் தஞ்சையிலும் சில காலம் பள்ளிப்பணி ஆற்றிச் சித்த மருத்துவத்தில் முழுமையாக ஈடுபட்டார். மருந்தில் ஈட்டிய பொருளை இசையிற் செலவிட்டார். 1912இல் சங்கீத வித்தியா மகாஜன சங்கத்தைத் தோற்றுவித்து, இசைவாணர்களைத் தம் செலவில் அழைத்து மாநாடுகள் கூட்டினார். 1916இல் பரோடாவில் நடந்த அனைத்திந்திய இசை மாநாட்டிலும் தம் கொள்கையை எடுத்துரைத்தார். அவர்தம் புதல்வியர் அதனைப் பாடியும் இசைத்தும் காட்டினர். 1917இல் வெளிவந்த கருணாமிர்த சாகரம் ஆயிரம் பக்கங்களுக்கும் மேற்பட்ட பெருநூல்.

அந்நூலின் நடுநாடி சிலப்பதிகாரம். 1892இல் உ. வே. சாமிநாதையர் அதனை அடியார்க்குநல்லார் உரையுடன் பதிப்பித்திராவிடின் பண்டிதருக்கு வழி திறந்திராது. குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்னும் ஏழிசையும் ஒன்றிலிருந்து ஒன்று பிறக்கும் முறையை அங்கே காணலாம். இதனைக் கரும்பலகையில் வரைந்தே விளக்கலாம். பன்னிரண்டு கட்டங்கள் இட்டு எண்ணிடுக. தாரத்தைப் பதினோராம் கட்டத்தில் வைத்து ஏழு கட்டம் நகர்க. பன்னிரண்டு முடிந்ததும் மீண்டும் ஒன்றிலிருந்து தொடர்க. ஆறாம் கட்டத்தில் உழை பிறக்கும். மேலும் ஏழு நகர்ந்தால் ஒன்றில் குரல், எட்டில் இளி, மூன்றில் துத்தம், பத்தில் விளரி, ஐந்தில் கைக்கிளை. இவ்வேழையும் வரிசைப்படுத்தினால் இன்றைய அரிகாம்போதியின் சுரங்கள் கிடைக்கும். பழந்தமிழரின் செம்பாலை இதுவே எனப் பிற்கால ஆய்வாளர் பலரும் கொள்வர்.

சங்கீத ரத்நாகர வழி வந்த 22 சுருதிக் கணக்கைப் பண்டிதர் மறுத்து 24 என நிறுவ முயன்றார். இம்முடிபை இசையுலகம் பரவலாக ஏற்கவில்லை. குமரிக்கண்டம் பற்றி அவர் எழுதிய பகுதிகளும் இன்றைய நிலவியலின் முன் நில்லா. ஆயினும் தமிழிசையின் வரலாற்றைத் தமிழ் நூல்களிலேயே தேடல் வேண்டும் என்ற நெறியை அவர் வகுத்தார், அந்நெறி நின்றது. அவ்வழியில் ஈழத்துக் காரைதீவு விபுலாநந்த அடிகள் ஆண்டுகள் பல உழைத்து யாழ்நூலைப் படைத்தார். 1947 சூன் மாதம் திருக்கொள்ளம்பூதூரில் அந்நூல் அரங்கேறியது. சூலை 19இல் அடிகள் மறைந்தார். அவரும் ஆசிரியராக வாழ்ந்தவரே.

நம் நாட்டுக்கு வருவோம். கோலா சாவா, ரந்தாவ் வட்டாரத்துத் தோட்டங்களில் தாலாட்டு, கும்மி, ஒப்பாரி, உறுமி மேளப் பாட்டு என எத்தனையோ வழங்கின. அவற்றை ஆக்கியோர் பெயர் அறியோம். ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. லயத்து வீட்டார் பலர் சிரம்பானுக்கும் அப்பாலும் குடிபெயர்ந்தனர். பாட்டுத் தொகுப்போர் சிலர் சொற்களை எழுதி வைத்துள்ளனர், போற்றத்தக்க பணி. ஆனால் மெட்டின்றிச் சொல் மட்டும் எஞ்சினால் முத்துத்தாண்டவர்க்கு நேர்ந்ததே நம் பாட்டிமார்க்கும் நேரும்.

அமெரிக்கப் பருத்தித் தோட்டங்களில் அடிமைகளாய் உழைத்தோரின் பாடல்களை மூவர் சேர்ந்து தொகுத்து 1867இல் மெட்டுக் குறிப்புடன் வெளியிட்டனர். அக்குரல்களின் நெளிவு சுளிவுகளைத் தாளில் முழுமையாக எழுதல் இயலாதென முன்னுரையிலேயே ஒப்புக்கொண்டனர், இருப்பினும் எழுதினர். நமக்கோ கைப்பேசியில் ஒலிப்பதிவு செய்யும் வாய்ப்பும் உண்டு. பதிந்ததோடு அமையாது சுரப்படுத்தவும் வேண்டும். கருவி கெட்டாலும் தாள் நிற்கும். நம் மாணவர் இசைப் பாடத்தில் ரெக்கார்டர் குழல் பழகுகின்றனர். வீட்டிற் கேட்ட தாலாட்டின் முதலடியைக் குழலிற் கண்டுபிடிக்கச் சொல்லலாம். அது பெரும்பாலும் நான்கைந்து சுரங்களுக்குள் அடங்கிவிடும். பன்னிரு கட்டத்தில் அதனை எண்ணிட்டுக் குறிக்க ஐந்தாம் ஆண்டு மாணவனுக்கு ஒரு பாடவேளை போதும்.