எல்.ஐ.சி. முகவர் கமிஷன் குறைப்புத் தகராறு (2024)

இந்திய ஆயுள் காப்பீட்டுக் கழகம் (எல்.ஐ.சி.) 2024 அக்டோபர் 1 முதல் காப்பீட்டோடு சேமிப்பும் சேர்ந்த எண்டோமென்ட் வகைப் பாலிசிகளுக்கான முதல் ஆண்டு கமிஷனை 35 சதவீதத்திலிருந்து 28 சதவீதமாகக் குறைத்தது. அதை எதிர்த்து அதன் முகவர்கள் நடத்திய போராட்டமே இந்தத் தகராறு. கழகத்துக்குச் சுமார் 14 லட்சம் முகவர்கள் உண்டு. அவர்களுக்குச் சம்பளம் கிடையாது. பாலிசி பிடித்தால்தான் வருமானம்.

பழைய ஏற்பாடு

முதல் ஆண்டு பிரீமியத்தில் 25 சதவீதம் அடிப்படைக் கமிஷன். அந்தக் கமிஷனில் 40 சதவீதம் போனஸ் கமிஷன். இரண்டும் சேர்ந்துதான் 35. இரண்டாம், மூன்றாம் ஆண்டுகளில் 7.5 சதவீதமும் அதன்பின் ஆண்டுதோறும் 5 சதவீதமும் ரினிவல் கமிஷனாக வந்துகொண்டிருக்கும். இந்த உச்சவரம்புகளை நெடுங்காலம் சட்டமே விதித்திருந்தது. காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் (ஐ.ஆர்.டி.ஏ.ஐ.) 2023 ஏப்ரல் 1 முதல் தனித்தனி வரம்புகளை நீக்கிவிட்டு, மொத்த நிர்வாகச் செலவுக்கு மட்டும் ஒரு வரம்பு வைத்தது. கமிஷனைக் கூட்டுவதும் குறைப்பதும் அன்றிலிருந்து நிறுவனங்களின் இயக்குநர் குழுவின் கைக்குப் போனது. முகவர்கள் அப்போது இதைப் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. கமிஷன் ஏறும் என்ற எதிர்பார்ப்புதான் பேச்சாக இருந்தது.

குறைப்புக்குக் காரணம்

முன்பெல்லாம் ஒரே ஓர் ஆண்டு பிரீமியம் கட்டிவிட்டு நிறுத்தியவருக்குப் பைசாகூடத் திரும்ப வராது. பாலிசியை இடையில் விடும்போது திரும்ப வரும் தொகையான சரண்டர் மதிப்பைப் பெற இரண்டு ஆண்டுகளாவது கட்டியிருக்க வேண்டும். ஆணையம் 2024இல் கொண்டுவந்த விதிகளின்படி, ஓராண்டு பிரீமியம் கட்டியவருக்கும் சிறப்புச் சரண்டர் மதிப்பு கொடுத்தாக வேண்டும். பாலிசிதாரருக்கு இது நல்ல மாற்றம், மறுக்க இடமில்லை. ஆனால் பாதியில் விட்டுப்போனவர்களின் பணத்தில் நிறுவனங்களுக்குக் கிடைத்துவந்த ஆதாயம் இதனால் சுருங்கியது. அந்தச் சுமையில் ஒரு பங்கைக் கழகம் முகவர் தலையில் இறக்கியது.

முதல் ஆண்டு அடிப்படைக் கமிஷன் 20 சதவீதமானது. போனஸ் கமிஷனோடு சேர்த்து 28. ஈடாக, 5 சதவீத ரினிவல் கமிஷன் 7.5 ஆக உயர்ந்தது. ஆண்டுக்கு 20,000 ரூபாய் பிரீமியம் உள்ள பாலிசியை எடுத்துக்கொள்வோம். முகவருக்கு முன்பு முதல் ஆண்டில் 7,000 ரூபாய் கிடைத்தது, இப்போது 5,600. இழப்பு 1,400. நான்காம் ஆண்டு முதல் ஆண்டுக்கு 500 ரூபாய் கூடுதலாக வரும் என்பதால், ஆறாம் ஆண்டில் கணக்கு நேராகிவிடும். காகிதத்தில் இது குறைப்பே இல்லை என்று வாதிடலாம். ஆனால் பாலிசி ஆறு ஆண்டு உயிரோடு இருக்க வேண்டும். முகவரும் அதுவரை இந்தத் தொழிலில் தாக்குப்பிடிக்க வேண்டும். புதிதாக வருகிறவர்களில் பலர் ஓரிரு ஆண்டுகளிலேயே வேறு வேலை தேடிப் போய்விடுகிறார்கள்.

இன்னொரு சங்கதியும் உண்டு. “முதல் பிரீமியத்துல எவ்வளவு விடுவீங்க?” என்று கேட்காத வாடிக்கையாளர் அபூர்வம். கமிஷனில் பங்கு கொடுப்பதைக் காப்பீட்டுச் சட்டத்தின் 41ஆம் பிரிவு தடை செய்கிறது; 10 லட்சம் ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம். நடைமுறையில் போட்டி காரணமாகப் பலரும் கொடுக்கிறார்கள். அப்படிப் பழகிய ஊரில் கமிஷன் குறைந்தாலும் வாடிக்கையாளரின் கேள்வி குறைவதில்லை.

கோரிக்கைகளும் போராட்டமும்

உண்மையில் சதவீதத்தைவிட முகவர்களைச் சுட்டது கமிஷனைத் திரும்பப் பிடிக்கும் நிபந்தனைதான். பாலிசி குறித்த காலத்துக்குள் சரண்டர் ஆனால், முகவருக்குக் கொடுத்த கமிஷனை நிறுவனம் மீட்டுக்கொள்ளும். வாடிக்கையாளருக்கு வேலை போனாலும், வீட்டில் மருத்துவச் செலவு வந்தாலும், நஷ்டம் பாலிசி பிடித்தவருக்கு. இதை நீக்க வேண்டும் என்று 1964 முதல் இயங்கிவரும் இந்திய ஆயுள் காப்பீட்டு முகவர்கள் கூட்டமைப்பு (லியாஃபி) கழகத் தலைமையிடம் வலியுறுத்தியது. புதிய எண்டோமென்ட் திட்டத்தில் குறைந்தபட்சக் காப்பீட்டுத் தொகையை 1 லட்சத்திலிருந்து 2 லட்சமாக உயர்த்தியதும், சேரும் வயது உச்சவரம்பை 55இலிருந்து 50 ஆக்கியதும் சேர்ந்தே எதிர்ப்பைச் சம்பாதித்தன. சிறு பிரீமியம் கட்டும் கூலித் தொழிலாளிகள், சிறுவியாபாரிகள் ஆகியோரிடம் போய் வந்த முகவர்களுக்கு அந்த வாசலே அடைபட்டது.

பல மாநிலங்களில் போராட்டம் நடந்தது. தமிழ்நாட்டிலும் கிளை அலுவலகங்கள் முன் முகவர்கள் ஆர்ப்பாட்டம் செய்தார்கள். இவர்களிடம் இருக்கும் ஒரே ஆயுதம் புதிய வணிகத்தைத் தராமல் இருப்பது. ஆனால் அப்படி நிறுத்தினால் முதலில் வருமானம் போவது முகவருக்குத்தான்.

சட்டநிலை

முகவர் ஊழியர் அல்லர். ஒப்பந்தத்தின் கீழ் கமிஷனுக்கு வேலை செய்பவர். எனவே தொழிலாளர் சட்டம் தரும் வேலைநிறுத்தப் பாதுகாப்போ, ஊதியக் குறைப்புக்கு முன் அறிவிப்புப் பெறும் உரிமையோ அவருக்கு இல்லை. அதே சமயம் எல்.ஐ.சி. தன் முகவர்களுக்குப் பணிக்கொடை தருகிறது. அதன் உச்சவரம்பை 3 லட்சத்திலிருந்து 5 லட்சமாக உயர்த்த 2023 செப்டம்பரில் மத்திய நிதி அமைச்சகம் ஒப்புதல் அளித்தது. சலுகை தரும்போது குடும்பத்தில் ஒருவர், கமிஷனைக் குறைக்கும்போது வெளி ஒப்பந்தக்காரர் என்பதுதான் முகவர்களின் நிலை.

பின்னர்

2024 டிசம்பர் 9 அன்று எல்.ஐ.சி.யின் பெண் முகவர்களுக்கான ‘பீமா சகி’ திட்டம் பானிபட்டில் தொடங்கப்பட்டது. அதன்படி முதல் மூன்று ஆண்டுகளில் மாதம் முறையே 7,000, 6,000, 5,000 ரூபாய் உதவித்தொகை கிடைக்கும். 2025 செப்டம்பர் 22 முதல் தனிநபர் ஆயுள், மருத்துவக் காப்பீட்டு பிரீமியங்களுக்கு ஜி.எஸ்.டி. விலக்கு வந்தது. அதனால், நிறுவனங்கள் தம் செலவுகளில் கட்டிய வரியைக் கழித்துக்கொள்ளும் வசதி (உள்ளீட்டு வரி வரவு) நின்றது. அந்த இழப்பை ஈடுகட்டச் சில காப்பீட்டு நிறுவனங்கள், தாங்கள் தரும் கமிஷனிலேயே ஜி.எஸ்.டி.யும் அடங்கும் என்று அறிவித்தன. முகவர் கைக்கு வரும் தொகை அந்த அளவுக்குக் குறைந்தது.