ஸ்கூட்டி எங்கே போனது?

கொஞ்சம் நீளமான பதிவுதான். நேரம் கிடைக்கும்போது வாசியுங்கள். குறிப்பாக வீட்டில் ஸ்கூட்டி வைத்திருப்பவர்கள்.

போன தவணை விடுமுறைக்கு முன் என் வகுப்புப் பிள்ளை ஒருவரின் வாப்பா பாடசாலைக்கு வந்தார். கையில் ஒரு உதவிப்பண விண்ணப்பமும் பழைய கிளினிக் கொப்பியும். "சேர், இதுல இங்கிலீசுல என்ன எழுதிக் கிடக்கு எண்டு பார்த்து இதை நிரப்பித் தாங்க" என்றார். ஆறு வருடத்துக்கு முன் இரவு இஷா முடிந்து வரும்போது வீதியில் படுத்திருந்த மாட்டில் ஸ்கூட்டி மோதி விழுந்தவர் அவர். தலையில் அடி. பிழைத்துவிட்டார். ஆனால் ஒன்றரை வருடம் கழித்து வலிப்பு வரத் தொடங்கியது. மேசன் வேலைக்குப் போனவர் இப்போது சாரத்தில் ஏற முடியாமல் வீட்டில் இருக்கிறார்.

விண்ணப்பத்தில் "இயலாமைக்கான காரணம்" என்று ஒரு கட்டம். கொப்பியைப் புரட்டினேன். "வலிப்பு நோய்" என்று இருக்கிறது. அதற்கு முந்திய துண்டில் "வழுக்கி விழுந்தது" என்று இருக்கிறது. ஸ்கூட்டியும் இல்லை, மாடும் இல்லை.

அந்த ஸ்கூட்டி எங்கே போனது என்று தேடப் போய்த்தான் இந்த வரலாற்றுக்குள் விழுந்தேன்.

மனிதர் எதனால் சாகிறார்கள் என்று எண்ணும் வேலையை லண்டனில் தொடங்கினார்கள். கொள்ளைநோய்க் காலத்தில் வாராவாரம் மரணப் பட்டியல் அச்சிட்டார்கள். வீடு வீடாகப் போய் மையத்தைப் பார்த்து காரணம் சொல்வதற்கு வயதான பெண்களை நியமித்திருந்தார்கள். அவர்கள் வைத்தியம் படித்தவர்கள் அல்ல. வீட்டுக்காரர் சொன்னதைப் போய்ச் சொல்வார்கள், அவ்வளவுதான். ஜோன் கிராண்ட் என்ற துணி வியாபாரி 1662இல் அந்தப் பட்டியல்களை ஆராய்ந்து ஒரு புத்தகம் எழுதினார். அதில் அவர் பிடித்த விடயம் சுவையானது. வெட்கத்துக்குரிய நோயால் இறந்தவர்களை, கொஞ்சம் பானமும் கொஞ்சம் காசும் வாங்கிக்கொண்டு "சயரோகம்" என்று எழுதிவிடுகிறார்கள் என்றார். அதாவது கணக்கெடுப்பு பிறந்த காலத்திலேயே குடும்ப மானத்துக்காகக் காரணத்தை மாற்றுவதும் கூடவே பிறந்துவிட்டது. நம் ஊரை மட்டும் குறை சொல்ல வேண்டாம்.

பிறகு வில்லியம் ஃபார் வந்தார். 1893இல் பாரிஸ் நகரப் புள்ளிவிபர அதிகாரி ஜாக் பெர்த்தியோன் எல்லா நாடுகளுக்கும் பொதுவான மரணக் காரணப் பட்டியலை முன்வைத்தார். இலங்கையில் பிறப்பு, இறப்புப் பதிவு 1867இலேயே தொடங்கியிருந்தது. ஆனால் இவையெல்லாம் மௌத்தானவர்களின் கணக்கு. காயப்பட்டு உயிரோடு இருப்பவருக்கு அதில் இடம் கிடைக்க 1948 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. உலக சுகாதார ஸ்தாபனம் உருவான அந்த வருடத்தில்தான் ஆறாவது திருத்தம் வந்தது. சாவோடு நோயையும் சேர்த்தார்கள். காயத்துக்கு இரண்டு இலக்கம் கொடுத்தார்கள்: உடம்பில் என்ன உடைந்தது என்பதற்கு ஒன்று, எதனால் உடைந்தது என்பதற்கு மற்றொன்று.

1990இல் ஏற்றுக்கொள்ளப்பட்ட பத்தாவது திருத்தத்தில் அந்த இரண்டாவது இலக்கம் ஆச்சரியப்படும் அளவுக்கு நுணுக்கமானது. மோட்டார் சைக்கிளும் ஸ்கூட்டியும் வி 20 முதல் வி 29 வரை. மாட்டிலோ நடந்து போகிறவரிலோ மோதினால் வி 20. கார், வேனில் என்றால் வி 23. பஸ், லொறியில் என்றால் வி 24. தானாகச் சறுக்கி விழுந்தால் வி 28. வீதியில் ஓட்டியவருக்குப் புள்ளி 4, பின்னால் இருந்தவருக்குப் புள்ளி 5. ஓட்டோவுக்கு வி 30 தொடக்கம் தனி வரிசை. ஜெனீவாவில் இருந்து எழுதியவர்கள் நம் தெரு மாட்டைக்கூட மறக்கவில்லை.

ஆனால் ஒரு வருடம் கழிந்ததும் கதை மாறுகிறது. அதற்குப் பிறகும் மிஞ்சியிருப்பது "பின்விளைவு". தலைக்குள் ஏற்பட்ட காயத்தின் பின்விளைவு ரி 90.5. கால் எலும்பு முறிவுகளின் பின்விளைவு ரி 93. காரணத்துக்கு வை 85.0, மோட்டார் வாகன விபத்தின் பின்விளைவு. அவ்வளவுதான். ஸ்கூட்டியா, பஸ்ஸா, மாடா, ஓட்டியவரா, பின்னால் இருந்த பிள்ளையா, ஒன்றும் அதில் இல்லை. இன்னொன்று: இந்தத் திருத்தத்தின் விதிப்படி பிரதான இலக்கம் இன்றைய நோய்க்குத்தான், அதாவது வலிப்புக்கு. பின்விளைவு இலக்கத்தை விரும்பினால் சேர்க்கலாம். "விரும்பினால்" என்ற அந்த ஒரு சொல்லில் எத்தனை பேர் காணாமல் போயிருப்பார்கள்!

நம் நாட்டில் அரசாங்க ஆஸ்பத்திரி வார்டில் இருந்து வீடு போகும்போது, கட்டில் தலைமாட்டில் தொங்கிய அந்த பி.எச்.ரி.யில் எழுதியதை வைத்து இலக்கமிட்டு சுகாதார அமைச்சுக்கு அனுப்புகிறார்கள். வார்டில் படுத்தவர்களின் கணக்கு மட்டும்தான் அது. அதில் காயங்கள் பல வருடமாக முதலிடத்தில் இருக்கின்றன. மாதா மாதம் கிளினிக் வரிசையில் மாத்திரைக்கு நிற்பவர் அந்தக் கணக்கில் வரமாட்டார். நொண்டுபவர், மறதிக்காரர், வலிப்புக்காரர் எல்லாம் அந்த வரிசையில்தான் நிற்கிறார்கள்.

2009இல் கிண்ணியாப் பாலம் திறக்கும்வரை பாதையில் ஏறித்தானே அக்கரைக்குப் போனோம்? பாதைக்காகக் காத்து நின்ற காலத்தில் வேகம் என்று ஒன்று நமக்கு இருக்கவில்லை. யுத்தம் முடிந்து, பாலம் வந்து, காப்பெட் வீதி வந்து, கையோடு லீசிங்கும் வந்தது. எங்கள் பெண் ஆசிரியைகள் பஸ்ஸுக்கு நிற்காமல் தாங்களே பாடசாலைக்கு வருவது ஸ்கூட்டியால்தான். நான் அதற்கு எதிரி இல்லை, என்னுடைய வீட்டிலும் ஒன்று நிற்கிறது. இலங்கையில் பதிவான வாகனங்களில் பாதிக்கு மேல் மோட்டார் சைக்கிள் வகைதான். அது கொண்டுவந்த சுதந்திரம் எல்லோர் கண்ணுக்கும் தெரிகிறது. கொண்டுபோனது தெரியவில்லை, ஏனென்றால் நாமே எழுத விடவில்லை.

"வழுக்கி விழுந்தார்" என்று சொன்னது யார்? அவருடைய மச்சான். லைசன்ஸ் இல்லை, இன்சூரன்ஸ் முடிந்து இரண்டு மாதம். விபத்து என்றால் பொலிஸ் வரும், ஜே.எம்.ஓ.விடம் போக வேண்டும், ஸ்கூட்டியைப் பிடித்து வைப்பார்கள். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். டொக்டர் கேட்டதை எழுதினார். வழுக்கி விழுந்ததற்கும் ஓர் இலக்கம் இருக்கிறது, டபிள்யூ 01. மழை நாளில் கிணற்றடியில் விழுந்தவருக்கும் அதே இலக்கம்தான்.

இன்னொரு வாகனம் மோதியிருந்தால் நட்டம் இன்னும் பெரிது. நட்டஈட்டு வழக்குக்கு 1871ஆம் ஆண்டுக் காலவிதிப்புக் கட்டளைச் சட்டம் தரும் தவணை இரண்டு வருடம். தலையில் அடிபட்டவருக்கு வலிப்பு மாதங்கள் கழித்தும் வரலாம், வருடங்கள் கழித்தும் வரலாம். அந்த நேரம் கையில் இருக்கும் துண்டு "வழுக்கி விழுந்தார்" என்றால் எந்த நீதிமன்றத்தில் போய் நிற்பது?

சரி, அந்த வாப்பாவின் கதைக்கு வருகிறேன். அடுத்த கிளினிக் நாளில் அவருடன் நானும் போனேன். முதலில் பேசத் தயங்கினார். பிறகு தலையைக் குனிந்துகொண்டு, "டொக்டர், அண்டைக்கு வழுக்கி விழல்ல. ஸ்கூட்டி மாட்டுல அடிச்ச" என்றார். டொக்டர் கோபப்படவில்லை. முதல் துண்டை வாங்கிப் பார்த்தார், திகதி கேட்டார், தலையில் தழும்பைத் தொட்டுப் பார்த்தார், கொப்பியில் இரண்டு வரி எழுதிக் கையெழுத்து வைத்தார். அந்தப் பக்கத்தின் போட்டோ பிரதியை விண்ணப்பத்தோடு இணைத்துக் கொடுத்திருக்கிறோம். பதில் இன்னும் வரவில்லை.