குண்டு விழுந்த எல்லை

இங்கிலாந்தின் சிற்றூர்களில் ஒரு பழைய வழக்கம் உண்டு. ஆண்டுக்கொருமுறை ஊர்ப் பெரியோர் சிறுவர்களை அழைத்துக்கொண்டு எல்லையைச் சுற்றி நடப்பர்; எல்லைக் கற்களைக் கோலால் தட்டிக் காட்டுவர். ஒரு தேவாலயப் பங்கின் எல்லை எங்கே முடிகிறது, அடுத்த பங்கின் எல்லை எங்கே தொடங்குகிறது என்பது இவ்வாறு தலைமுறை தலைமுறையாக நினைவில் நின்றது. அத்தகைய நாட்டிலிருந்து வந்தவர்கள் நம் கடலூர்க் கரையில் எல்லை வகுத்த விதம் முற்றிலும் வேறானது.

கெடில நதி கடலோடு கலக்கும் இடத்திற்கு அருகே தேவனாம்பட்டினம் என்னும் சிற்றூர் உள்ளது. அங்கிருந்த சிறு கோட்டை 1690இல் மராட்டியர் வசம் இருந்தது. சத்ரபதி சிவாஜியின் மைந்தர் இராஜாராம் அப்போது செஞ்சியில் இருந்தார். ஔரங்கசீப்பின் தளபதி சுல்பிகார் கானின் படை செஞ்சியை நோக்கி வந்தது. போருக்குப் பொருள் வேண்டும். வணிகத்திற்கு இடம் வேண்டும். இவ்விரு தேவைகளும் சந்தித்தபோது கோட்டை கிழக்கிந்தியக் கம்பெனிக்கு விலையாயிற்று.

விற்பனையில் ஒரு விசித்திரமான நிபந்தனை இருந்தது. கோட்டையிலிருந்து சுடும் பீரங்கிக் குண்டு எட்டும் தூரம்வரை உள்ள ஊர்கள் யாவும் வாங்குபவருக்கே உரியவை. அப்போது சென்னையில் ஆளுநராக இருந்தவர் எலிகு யேல். அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகம் இன்றும் தாங்கி நிற்பது இவர் பெயரையே. நெடுந்தூரம் சுடவல்ல பீரங்கி சென்னையிலிருந்து வந்தது. 1690 செப்டம்பரில் பல திசைகளிலும் குண்டுகள் பறந்தன. அவை விழுந்த இடமே எல்லையாயிற்று. கடலூர் நகரமும் அதனுள் அடங்கிற்று. அவ்வூர்கள் 'குண்டு கிராமங்கள்' என்று பெயர் பெற்றன.

கோட்டைக்குப் புனித டேவிட் கோட்டை என்று பெயரிட்டனர். யேலின் முன்னோர் நாடான வேல்ஸின் காவல் புனிதர் பெயர் இது என்பர். நபி தாவூத் (அலை) அவர்களை இப்பெயர் குறிப்பதன்று.

1746இல் பிரெஞ்சுக்காரர் சென்னையைக் கைப்பற்றியபோது, இளைஞர் இராபர்ட் கிளைவ் மாறுவேடத்தில் தப்பி இக்கோட்டைக்கே வந்து சேர்ந்தார். 1746 முதல் 1752 வரை சோழமண்டலக் கரையில் ஆங்கிலேயரின் தலைமையிடம் இதுவே. 1756இல் கிளைவே இதன் ஆளுநரானார். ஈராண்டுக்குள், 1758 ஜூனில், பிரெஞ்சுத் தளபதி லாலி கோட்டையைப் பிடித்து அரண்களைத் தகர்த்தார். மஞ்சக்குப்பத்தில் ஆங்கிலேயர் அமைத்த தோட்ட மாளிகை மட்டும் நிலைத்து, பிற்காலத்தில் மாவட்டக் கலெக்டரின் இல்லமாக விளங்கியது.

தெற்கே சிதம்பரம் செல்லும் வழியில், மரைக்காயர்களின் கப்பல் வணிகத்தால் பெயர் பெற்ற மஹ்மூது பந்தர் என்னும் பரங்கிப்பேட்டை உள்ளது. அங்கே 1781 ஜூலை முதல் நாள் ஹைதர் அலியும் ஆங்கிலத் தளபதி அயர் கூட்டும் மோதினர். வெற்றி கூட்டுக்கே கிட்டியது. தேவனாம்பட்டினத்தில் பெற்ற சிறு நிலம் இதற்குள் ஒரு பேரரசின் வித்தாக மாறிவிட்டிருந்தது.

விற்றவர், வாங்கியவர், சுட்டவர் ஆகியோரைப் பற்றி வரலாறு பேசுகிறது. அன்று வயலில் நின்ற உழவனும், தறியில் அமர்ந்த நெசவாளனும், வலை காயவைத்த மீனவனும் கேட்டது ஒரு வெடியோசை மட்டுமே. அவர்களை எவரும் ஒரு சொல்லும் கேட்கவில்லை. ஊர் என்பது குண்டு எட்டும் தூரமா, மக்கள் வாழும் இடமா? கெடிலக் கரையின் இடிபாடுகள் இன்றும் நம்மிடம் கேட்கும் கேள்வி இதுவே.