கயிறும் காசும்

சிரிப்பூட்டும் படைப்புகளை வெறும் பொழுதுபோக்கென ஒதுக்கிவிடும் வழக்கம் கற்றோரிடையே நெடுங்காலமாக உண்டு. சமுதாயத்தின் முரண்பாடுகளைக் காட்டும் தகுதி துன்பியலுக்கே உரியது என்ற எண்ணமே அவ்வழக்கத்திற்கு அடிப்படையாகும். இவ்வெண்ணம் எத்துணைப் பிழையானது என்பதை உணர விரும்புவோர், 1917ஆம் ஆண்டு ஜூன் 17ஆம் திகதி அமெரிக்காவில் வெளியான ‘குடிவரவாளன்’ என்னும் பேசாப்படத்தை நோக்குதல் வேண்டும். சார்ளி சப்ளின் இயக்கி நடித்த இப்படம் இரண்டே சுருள்கள் கொண்டது. அரைமணி நேரத்துக்குள் முடிந்துவிடுவது.

படம் தோன்றிய காலச்சூழலை முதலில் நோக்குவோம். 1917 பெப்ரவரி 5ஆம் திகதி, ஜனாதிபதி வில்சனின் மறுப்பையும் மீறி, அமெரிக்கக் கொங்கிரஸ் புதிய குடிவரவுச் சட்டமொன்றை நிறைவேற்றியது. பதினாறு வயதைக் கடந்தவர், ஏதேனும் ஒரு மொழியை வாசிக்க இயலாதவராயின், பொதுவாக உள்ளே வர முடியாது என்றது அச்சட்டம். தென் ஐரோப்பாவிலும் கிழக்கு ஐரோப்பாவிலும் இருந்து பிழைப்புத் தேடி வந்த ஏழை மக்களே அச்சோதனையின் முதல் இலக்காயினர். ஆசியாவின் பெரும்பகுதியோ ஒரே கோட்டினால் விலக்கப்பட்டது. இலங்கையும் அக்கோட்டினுள் அடங்கியது.

இச்சட்டம் பிறந்த சில மாதங்களில் வந்த படம் ஒரு கப்பலில் தொடங்குகின்றது. கப்பலின் விளிம்பில் குனிந்து உடல் குலுங்கும் நாடோடியின் முதுகை நாம் காண்கிறோம். கடல் நோயால் வாந்தியெடுக்கிறான் என்று நினைக்கும்போது, தூண்டிலில் சிக்கிய மீனுடன் அவன் திரும்புகின்றான். பரிதாபத்திற்குரியவன் என நாம் கருதியவன் தன் உணவைத் தானே தேடிக்கொண்டிருந்தவன் என்பது புலனாகின்றது. உணவு வேளையில் கப்பல் ஆட, ஒரு சூப்புக் கிண்ணம் மேசையின் இருபுறமும் வழுக்கிச் செல்ல, எதிரெதிரே இருந்த இருவர் மாறிமாறி உண்கின்றனர்.

பின்னர் சுதந்திர தேவியின் சிலை தோன்றுகின்றது. எல்லோரும் அதை வியந்து நோக்கி நிற்கையில், அதிகாரிகள் வந்து மாடுகளை அடைப்பதுபோல் அவர்களைக் கயிற்றினால் வளைத்துத் தள்ளுகின்றனர். நாடோடி சிலையை மீண்டும் ஒருமுறை திரும்பிப் பார்க்கின்றான். நீண்ட சொற்பொழிவொன்று சொல்லக்கூடியதை அப்பார்வை ஒரு கணத்தில் சொல்லிவிடுகின்றது.

இரண்டாம் பகுதியில் அவன் ஒரு நகரத் தெருவில் பசியோடு நிற்கின்றான். வீதியில் கிடந்த காசொன்றை எடுத்து உணவுச்சாலைக்குள் நுழைகின்றான். காசோ சட்டைப்பையின் ஓட்டை வழியே விழுந்துவிட்டது. கப்பலில் கண்ட பெண்ணை அங்கு மீண்டும் சந்திக்கிறான். எட்னா பேர்வையன்ஸ் நடித்த அப்பெண்ணின் கைக்குட்டையிலுள்ள கறுப்புக் கரையே அவள் தாய் இறந்ததை அறிவிக்கின்றது. அவளுக்கும் உணவு தருவிக்கின்றான். அந்நேரத்தில், பத்துச் சதம் குறைவாக வைத்திருந்த ஒருவனைப் பரிசாரகர்கள் கூடி அடித்து வெளியே எறிகின்றனர். இனி நம் சிரிப்பெல்லாம் அச்சத்தின் மேல் எழும் சிரிப்பே. தொலைந்த காசு மீண்டும் கைக்கு வருகின்றது. எரிக் கம்பெல் நடித்த பெருத்த பரிசாரகன் கடித்துப் பார்க்க அது கள்ளக்காசென்று தெரிகின்றது.

படம் உருவான வரிசையும் கவனிக்கத்தக்கது. எஞ்சிய படச்சுருள்களை ஆராய்ந்து 1983இல் வெளியிடப்பட்ட ஆவணப்படத்தின்படி, சப்ளின் முதலில் எடுத்தது உணவுச்சாலைக் காட்சிகளையே. காசில்லாத இவ்விருவரும் எங்கிருந்து வந்தனர் என்ற வினாவே பின்னர் அவரைக் கப்பலுக்கு இட்டுச் சென்றது. முன்னரே வகுத்த கருத்தொன்றுக்கு வேடிக்கை ஒட்டப்படவில்லை. பசியின் காரணத்தைத் தேடிச்சென்ற கலைஞன் வரலாற்றின் வாயிலில் போய் நின்றான். நம் எழுத்தாளர் இதிலிருந்து கற்க வேண்டியது மிக உண்டு.

படத்தின் குறைபாட்டையும் மறைத்தல் ஆகாது. உணவுக்குக் காசு கொடுக்க ஓவியர் ஒருவர் முன்வருகிறார். நாடோடி மானத்துக்காக ஒருமுறை கூடுதலாக மறுத்து அதையும் இழக்கின்றான். இறுதியில் அவர் பரிசாரகனுக்கு விட்ட சில்லறையைக் கொண்டே தப்புகின்றான். அவ்வோவியர் வேலை தர, மழையில் திருமணம் நிச்சயமாகின்றது. வறுமைக்கு வழி ஒரு புரவலரின் தயவே என்றாகிவிடுகின்றது. கூட்டாக அடைக்கப்பட்டவர்களுள் இருவரே கரையேறுகின்றனர். கயிற்றுக்குள் நின்ற ஏனையோரைப் படம் மறந்துவிடுகின்றது. சதங்களின் கொடுமையைக் காட்டிய அக்காலத்தில் சப்ளினின் சம்பளம் வாரத்துக்குப் பத்தாயிரம் டொலர் என்பதும் உண்மை. ஆயினும் இலண்டன் வறியோர் இல்லத்தில் குழந்தைப் பருவத்தில் வாழ்ந்தவர் அவர். பசியை அவர் பிறர் சொல்லி அறிந்தவரல்லர்.

வரலாறு இப்படத்திற்கு ஒரு பின்னுரையையும் எழுதியது. 1952 செப்ரெம்பரில், இடதுசாரிச் சார்புடையவர் என்ற குற்றச்சாட்டுகளின் நடுவே சப்ளின் கப்பலில் இங்கிலாந்து நோக்கிச் சென்றுகொண்டிருந்தபோது, அவரது மீள்வரவு அனுமதி இரத்துச் செய்யப்பட்டது. அமெரிக்கக் குடியுரிமை பெறாத அவர் சுவிற்சர்லாந்தில் குடியமர்ந்தார். 1972இல் விருதொன்றைப் பெறவே அந்நாட்டுக்குத் திரும்பிச் சென்றார். நாடோடியைத் தடுத்த கயிறு, உலகமே அறிந்த கலைஞரையும் தடுத்தது. கையில் காசு இருப்பவனுக்கு நாடுகளின் கதவுகள் எளிதில் திறக்கும். ஆனால் அவன் பேசத்தொடங்கினால் அவையே மூடிக்கொள்ளவும் கூடும்.