ஹாரா கோட்டையில் ஒரே அணி

தலைவனை இழந்த சாமுராய் வாளோடு ஊர் ஊராகத் திரிவான். கொள்ளையரிடமிருந்து குடியானவர்களைக் காப்பாற்றிவிட்டுத் தன் வழியே போவான். அகிரா குரோசாவாவின் ‘ஏழு சாமுராய்’ 1954இல் வெளிவந்த பிறகு, ரோனின் என்றால் உலகின் மனக்கண்ணில் இந்த உருவம்தான். ஆனால், ரோனின்கள் எளிய மக்களோடு உறுதியாக நின்றதற்கு வரலாறு தரும் பெரிய சான்று, 1637 இறுதியில் ஜப்பானில் வெடித்த ஷிமபாரா கிளர்ச்சி. அங்கே போர்க்கலை தெரிந்தவர்கள் வெளியூரிலிருந்து வந்த காவலர்களாக இருக்கவில்லை; அதே மண்ணில் வரிச்சுமையால் நொந்த குடிகளாக இருந்தார்கள்.

செகிகஹாரா போரில் தோற்ற பிரபு கொனிஷி யுகினாகா 1600இல் கொல்லப்பட்டதும், அவருடைய வீரர்கள் பலர் அமகுசா தீவுகளிலும் அக்கம்பக்கத்திலும் உழவில் இறங்கினார்கள். ஒரு தலைமுறை கழிந்தது. ஷிமபாராவின் பிரபு மட்சுகுரா கட்சுயியே, வரி கட்ட முடியாதவர்களுக்கு வைக்கோல் மேலங்கி மாட்டித் தீவைத்த கொடுமையை, ஹிராடோவில் இருந்த டச்சு வணிகத் தலைவரே எழுதிவைத்திருக்கிறார். கிளர்ச்சியின் தலைவனாகக் கொண்டாடப்பட்ட பதின்வயது அமகுசா ஷிரோ, கொனிஷியின் பழைய வீரர் ஒருவரின் மகன். கைவிடப்பட்டுக் கிடந்த ஹாரா கோட்டைக்குள் ஷிமபாராவிலிருந்தும் அமகுசாவிலிருந்தும் குடும்பம் குடும்பமாக மக்கள் புகுந்தார்கள்; வந்த படகுகளைப் பிரித்து, அந்தப் பலகைகளால் அரண் கட்டினார்கள். நாட்டை ஆண்ட படைத்தலைவரான ஷோகுன் அனுப்பிய தளபதி இதாகுரா ஷிகெமாசா அந்தக் கோட்டையைத் தாக்கியபோதே உயிரிழந்தார். உழவரின் உழைப்பும் ரோனின்களின் போர் அனுபவமும் சேராமல் இது நடந்திருக்காது.

கிளர்ச்சியாளர்களில் பெரும்பாலோர் கிறிஸ்தவர்கள்; எனவே இது மதப்போர், ரோனின்களுக்கோ பழைய பகை என்று சிலர் வாதிடலாம். நம்பிக்கை அவர்களை ஒன்றுசேர்த்தது என்பது உண்மை. ஆனால் பசியும் வரியும் இல்லாமல் ஊர் ஊராக மக்கள் கோட்டைக்குள் போயிருக்க மாட்டார்கள். ஷோகுன் அரசே இதற்குச் சாட்சி: கிளர்ச்சியை அடக்கிய கையோடு, கொடுங்கோலாட்சிக்காகக் கட்சுயியேயின் தலையை வெட்டியது. பழிவாங்கும் எண்ணம் சிலருக்கு இருந்திருக்கலாம். ஆனால் பழி தீர்க்க மட்டும் வந்தவர்கள் மனைவி மக்களோடு முற்றுகைக்குள் அடைபட மாட்டார்கள்.

ஏறக்குறைய எல்லோரும் மாண்ட பிறகு, ரோனின்கள் உழவரோடு நின்றதை உதவி என்று எப்படிச் சொல்வது? ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட படை சூழ, 1638 ஏப்ரலில் கோட்டை விழுந்தது. மாண்டவர்கள் சுமார் 37,000 பேர் என்பது வழக்கமான கணக்கு. கணக்குப் பார்த்தால் அது தோல்விதான். ஆனால் 42,000 கொக்கு (ஜப்பானிய அரிசி அளவை) விளைச்சல் என்று மிகையாக மதிப்பிட்டு வரி வாங்கப்பட்ட அமகுசாவின் மதிப்பீடு, 1659இல் 21,000 கொக்காகப் பாதியானது. அந்த நீதி கோட்டைக்குள் இருந்தவர்களுக்குக் கிடைக்கவில்லை. அவர்களின் மண்ணில் பின்னர் உழுதவர்களுக்குக் கிடைத்தது. காப்பாற்றிவிட்டு விடைபெறும் வீரனைவிட, விடைபெற மறுத்த இந்த ரோனின்களையே நான் பெரியவர்களாகக் கருதுகிறேன்.